ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதைங்கோ

கையைத் தூக்கச் சொல்லித்தான் அந்தப் பெண் கேட்டாள். உயிரைக் கேட்கவில்லை.

உள்ளூர் நகரசபையில், அதாவது கவுன்சிலில் இருந்து வந்தவள். சின்ன வயது. சைக்கிளில் வந்தவள் என்பதால் ஹெல்மெட்டை மடியில் வைத்துக்கொண்டு, ஆறு வயதுப் பிள்ளைகள் இருக்கும் ஒரு குட்டிக் கதிரையில் முழங்காலை மடித்து இருந்தாள். பள்ளிக்கூட மண்டபம் நிரம்பி வழிந்தது. கதிரை கிடைக்காதவர்கள் சுவரோரம் உடற்பயிற்சி ஏணிகளில் சாய்ந்து நின்றார்கள். வெளியே மழை. நனைந்த ஜாக்கெட்டுகளின் மணமும், மத்தியானம் பிள்ளைகளுக்குக் கொடுத்த கிரேவியின் மணமும் சேர்ந்து மூக்கை அடைத்தன.

"வருகிற செப்டெம்பரில் உங்கள் பிள்ளையை இந்தப் பள்ளிக்கூடத்தில் சேர்க்க எண்ணியிருப்பவர்கள் கையைத் தூக்க முடியுமா?" என்று அவள் ஆங்கிலத்தில் கேட்டாள்.

மைக் என்னிடம் இருந்தது. அன்றைக்கு நான்தான் மொழிபெயர்ப்பு. நான் தமிழில் சொன்னேன். ஒரு கையும் எழும்பவில்லை.

விளங்கவில்லையாக்கும் என்று நினைத்து, வீட்டில் கதைக்கிற மாதிரியே திரும்பச் சொன்னேன். "வாற செப்டெம்பர் இஞ்சை பிள்ளையைச் சேர்க்கிற யோசினை உள்ளவை கையைத் தூக்குங்கோ. வேற ஒண்டும் செய்யத் தேவையில்லை. கையை மட்டும் தூக்குங்கோ."

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். பிறகு பக்கத்தில் இருந்தவரைப் பார்த்தார்கள். ஒருவர் இருமினார். ஒரு அம்மா தன் கைப்பையைத் திறந்து எதையோ தேடத் தொடங்கினாள். தேட அதற்குள் ஒன்றும் இருந்திருக்காது.

அந்தப் பெண் குனிந்து எதையோ எழுதினாள். ஒரு சொல்லுக்கு மேல் இருக்காது.

இந்தத் தொடரை முதலில் இருந்து வாசிக்கிறவர்களுக்கு என் கோபம் பழக்கம். போன வாரம் லண்டன் டூட்டிங்கில் நாங்கள் இருந்த முதல் வீட்டின் ஈரச் சுவரை ஏசி முடித்தேன். இந்த வாரம் சுவர் அல்ல, சனம். அந்த மண்டபத்தில் ஏன் ஒரு கையும் எழும்பவில்லை என்பதைச் சொல்ல வேண்டுமென்றால் அந்தப் பள்ளிக்கூடத்தின் கதையையே சொல்ல வேண்டும். கொஞ்சம் நீளம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஒருவரும் வேண்டாத கட்டடம்

அப்பர் டூட்டிங் வீதியில் இருந்து உள்ளே திரும்பும் ஒரு தெருவில் இருக்கிறது. பெயரை எழுதப் போவதில்லை. சிவப்புச் செங்கல், உயரமான யன்னல்கள். ஒரு வாசலுக்கு மேல் ஆண் பிள்ளைகள் என்றும் இன்னொரு வாசலுக்கு மேல் பெண் பிள்ளைகள் என்றும் கல்லில் வெட்டியிருக்கும். எந்தக் காலத்துச் சட்டமோ, இப்போது பெண் பிள்ளைகளின் வாசலால் பால் வண்டி போகிறது.

நான் என் மகள் மதுராவைக் கையில் பிடித்துக்கொண்டு முதன்முதலாகப் போன வருஷம் அந்தக் கட்டடத்தில் பாதி வகுப்புகள் பூட்டிக் கிடந்தன. நாங்கள் விரும்பிச் சேர்க்கவில்லை. அகதி விண்ணப்பம் இழுபட்டுக்கொண்டிருந்த காலம். இவருக்குப் பெற்றோல் ஸ்டேஷனில் நைட் ஷிப்ட். நல்ல பள்ளிக்கூடம், கூடாத பள்ளிக்கூடம் என்று பார்க்க எங்களுக்கு யார் சொல்லித் தந்தார்கள்? இடம் இருந்தது அங்கே மட்டும்தான். இடம் இருந்ததற்குக் காரணம், ஒருவரும் அதை வேண்டவில்லை.

பக்கத்துத் தெருவில் இருந்த வெள்ளைக்காரர்கள் தங்கள் பிள்ளைகளை வேறு பள்ளிக்கூடங்களுக்குக் காரில் ஏற்றிக்கொண்டு போனார்கள். எங்கள் ஆட்களிலும் கொஞ்சம் முந்தி வந்தவர்கள் என்னைக் கண்டால் பாவப்பட்டார்கள். "அங்கையோ விட்டிருக்கிறியள்?" என்று கேட்டுவிட்டு நாக்கைச் சப்புக் கொட்டுவார்கள். அந்தச் சப்புச் சத்தம் எனக்கு இன்னும் காதில் நிற்கிறது.

மூடப் போகிறார்கள் என்றுதான் கதை. மூடவில்லை. அதற்குப் பதிலாக மிஸிஸ் ஹாலோவே வந்தார்.

பிள்ளை பிடிகாரி

புது ஹெட் டீச்சர். குள்ளம். ஆண்பிள்ளை மாதிரி வெட்டிய நரைமுடி. கவுன்சில் அவரிடம் ஒரு வேலையைக் கொடுத்திருந்தது: இந்தப் பள்ளிக்கூடத்தை இசைக்கென்று ஒரு தனிப் பள்ளிக்கூடமாக மாற்ற வேண்டும், காந்தம் மாதிரி அது எல்லாப் பக்கத்தில் இருந்தும் பிள்ளைகளை இழுக்க வேண்டும். வீடு எத்தனை தெரு தள்ளி என்று பார்க்கக் கூடாது. நுழைவுப் பரீட்சை கூடாது. கட்டணமும் இல்லை, அரசாங்கப் பள்ளிக்கூடம்தானே. சேருகிற ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு வயலின், அல்லது ஒரு செல்லோ. பெரிய வயலினைக் கதிரையில் இருந்து, முழங்கால்களுக்கு நடுவில் பிடித்து வாசிப்பார்களே, அதுதான் செல்லோ.

காந்தம் என்று பெயர் வைத்தால் போதுமா? முதல் வருஷம் ஒரு ஊசிகூட ஒட்டவில்லை.

மிஸிஸ் ஹாலோவே ஒரு வயலினைத் தூக்கிக்கொண்டு சனிக்கிழமைகளில் மரக்கறிக் கடைகளுக்கு முன்னால் வந்து நின்றார். வாசிப்பு சுமார்தான். முருங்கைக்காய் பொறுக்கிக்கொண்டு நின்ற அம்மாமாரைப் பிடித்து, தள்ளுவண்டியில் இருந்த குழந்தையின் விரல்களை எடுத்துப் பார்த்து, "ஆகா, என்ன நீளமான விரல்கள்!" என்பார். எந்தக் குழந்தைக்கும் அதே வசனம். எங்கள் ஆட்கள் அவருக்குப் பிள்ளை பிடிகாரி என்று பெயர் வைத்தார்கள்.

அந்தப் பிள்ளை பிடிகாரி பிடித்தவர்களில் நானும் ஒருத்தி. தமிழ் தாய்மார் கேட்பது விளங்கவில்லை, நீ வந்து உதவி செய் என்றார். முதலில் சாப்பாட்டு நேரத்தில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை. பிறகு வகுப்பு உதவியாளர். இன்றைக்கும் அதுதான் என் வேலை.

மதுராவுக்கு ஒரு செல்லோ கிடைத்தது. அதற்குப் பின்னால் ஒளித்து வைத்தால் அவளைத் தேட வேண்டும். அவ்வளவு பெரிது. முதல் மாதங்களில் அந்தக் கட்டடத்துக்குள் போனால் எண்ணெய் காணாத கப்பிகள் எல்லாம் ஒன்றாகச் சேர்ந்து தண்ணீர் அள்ளுகிற மாதிரிச் சத்தம். எனக்குத் தலையிடி. ஆனால் ஒரு நாள், காரணம் தெரியாமல், அந்தச் சத்தம் பாட்டாகிவிட்டது. மணி அடிப்பதை நிறுத்திவிட்டார்கள். இடைவேளை முடிந்தது என்பதைச் சொல்ல, மேல் வகுப்புப் பிள்ளை ஒன்று நடைபாதையில் இருந்து நாலு வரி வாசிக்கும். முற்றத்தில் கத்திக்கொண்டு ஓடிய அவ்வளவு பேரும் அடங்கி வரிசைக்கு வருவார்கள். மதுராவின் முறை வந்த நாளில் நான் கழிவறைக்குள் போய் நின்று அழுதேன். அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

குலுக்கல்

அதற்குப் பிறகு சனம் வந்தது பாருங்கள். எங்கிருந்துதான் வந்தார்களோ. விம்பிள்டன், மிச்சம், ஸ்ரெதம் எல்லாம் தாண்டி வந்தார்கள். முன்பு நாக்கைச் சப்புக் கொட்டியவர்களே முன்வரிசையில் நின்றார்கள்.

இடத்தைவிடப் பிள்ளைகள் கூடிவிட்டன. தூரமும் பார்க்க முடியாது, பரீட்சையும் வைக்க முடியாது என்றால் மிச்சம் என்ன? குலுக்கல். கோடை விழாவில் பரிசுச் சீட்டு இழுக்கிற மரப் பீப்பா ஒன்று பள்ளிக்கூடத்தில் இருந்தது. கைப்பிடியைப் பிடித்துச் சுற்றினால் கடகடவென்று உருளும். ஒவ்வொரு பிள்ளைக்கும் ஓர் இலக்கம். பெற்றோர் வந்து கண்ணால் பார்க்கலாம்.

கண்ணால் பார்த்தும் எங்கள் சனம் நம்பவில்லை. சிபாரிசு இல்லாமல் உலகத்தில் ஒரு காரியம் நடக்கும் என்று இவர்களை நம்பவைக்கக் கடவுளாலும் ஏலாது. "உள்ளுக்கை ஆரோ இருக்கோணும்" என்றார்கள். உள்ளே இருந்த தமிழ் ஆள் நான் ஒருத்திதானே. எல்லாம் வந்து சேர்ந்தது என் வீட்டுக்கு. வடை வந்தது, பலகாரம் வந்தது, ஒரு பெட்டி கறுத்தக் கொழும்பான் மாம்பழம்கூட வந்தது.

"நான் சாப்பாட்டுக் கோப்பை அடுக்கிற மனிசி. பீப்பாவுக்குள்ளை நான் கையை விடுறதில்லை" என்று சொன்னேன்.

"உங்களுக்குத் தெரியாமலோ அக்கா!" என்று கண்ணைச் சிமிட்டினார்கள். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. மாம்பழத்தைத் திருப்பிக் கொடுத்தேன். இவர் இன்றைக்கும் அதற்காக என்னை மன்னிக்கவில்லை.

பிறகு எங்கள் பள்ளிக்கூடச் சமையலறைக்கு வேலைக்கு வந்த பிலோமினா மன்னார்க்காரி. நல்ல மனுசி. அவள் தன் மகனுக்காக மாதா கோவிலில் மெழுகுதிரி கொளுத்தினாள். அதோடு விடாமல், பக்கத்து வீட்டுக்காரியோடு விம்பிள்டன் பிள்ளையாரிடமும் போய்த் தேங்காய் உடைத்தாள். "ரெண்டு பக்கமும் சொல்லி வச்சால் நல்லம்தானே" என்றாள். மகனுக்கு இடம் கிடைத்தது. எந்தப் பக்கம் வேலை செய்தது என்று அவள் இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறாள்.

இதெல்லாம் சிரிக்கக்கூடிய விஷயம். சிரிக்க முடியாத விஷயம் ஒன்று பின்னால் வந்தது.

பேன், ஈயம், படிப்பில்லை

பீப்பாவுக்குள் எத்தனை பேர் குறைவோ, தங்கள் பிள்ளைக்கு அத்தனை நல்லது. இந்தக் கணக்கு எங்கள் சனத்துக்கு விளங்க ஒரு பின்னேரம் போதும்.

அதனால் ஒருவரும் ஒருவருக்கும் உண்மை சொல்லவில்லை. "நீங்கள் அந்த மியூசிக் ஸ்கூலுக்குப் போடுறியளோ?" என்று கேட்டால், "ஐயோ, அங்கையோ? எங்களுக்கு வேண்டாம்" என்பார்கள். அன்றைக்கு இரவே கணினிக்கு முன்னால் இருந்து முதல் விருப்பமாக அதைத்தான் போட்டிருப்பார்கள். கூடப் பிறந்த அக்கா தங்கச்சிக்குள்ளேயே மறைத்தார்கள். பிள்ளைகள் செப்டெம்பர் மாதம் ஒரே வாசலில் ஒரே சீருடையோடு சந்திக்கும்போதுதான் குட்டு வெளிப்படும். அப்போதும் வெட்கமில்லை. "கடைசி நேரத்திலை மாத்தினனாங்கள்" என்று ஒரே பொய்யை இரண்டு பேரும் சொல்லிக்கொள்வார்கள்.

மறைப்பதோடு நின்றாலும் பரவாயில்லை. மற்றவர்களைக் கலைக்கவும் தொடங்கினார்கள். அங்கே பேன் கூட. குடிதண்ணீர்க் குழாயில் ஈயம். ஹெட் டீச்சர் விட்டுப் போகிறாராம். நாள் முழுக்க வயலின்தான், படிப்பென்று ஒன்றும் இல்லை, பிள்ளைக்குப் பெருக்கல் வாய்ப்பாடு தெரியாது. ஒன்றும் உண்மையில்லை. பேன் மட்டும் எல்லாப் பள்ளிக்கூடத்திலும் இருக்கிற அளவு இருந்தது.

இடத்துக்கு அடிபட்ட காலத்தில் இந்தப் பொய்களால் பெரிய சேதம் வரவில்லை. சொன்னவனும் போட்டான், கேட்டவனும் போட்டான். ஆனால் காலம் மாறியது. மிஸிஸ் ஹாலோவே ஓய்வெடுத்துப் போனார். வீட்டு வாடகை ஏறியது. சின்னப் பிள்ளை உள்ள குடும்பங்கள் டூட்டிங்கை விட்டு மலிவான இடங்களுக்குப் பெயர்ந்தன. லண்டன் முழுக்கவே பிள்ளைகள் குறைந்துபோயின. எங்கள் பீப்பா ஸ்டோர் அறைக்குள் போய்விட்டது. கேட்டவர்கள் எல்லாருக்கும் இடம், பிறகும் கதிரைகள் மிச்சம்.

குலுக்கல் நின்ற பிறகும் பொய் நிற்கவில்லை. அதுதான் என் வயிற்றெரிச்சல். பழகிப்போன வாய். புதிதாக வந்த இளம் தாய்மாருக்கு அது பொய் என்று தெரியாது. பேன், ஈயம், படிப்பில்லை என்று கேட்டார்கள், நம்பினார்கள், வேறு பள்ளிக்கூடம் பார்த்தார்கள். போட விரும்பியவர்களும் தாங்கள் மட்டும்தான் போடுகிறோம் என்று நினைத்துப் பயந்தார்கள். "எங்கடை ஆக்கள் ஒருத்தரும் இல்லையாமே" என்று கடைசி நிமிஷத்தில் மாற்றினார்கள். போன இரண்டு மூன்று வருஷமாக முதலாம் வகுப்புகளில் கதிரைகள் காலியாகவே இருந்தன. பிள்ளை குறைந்தால் பள்ளிக்கூடத்தை நடத்த முடியாது. கவுன்சில் கடிதம் போட்டது: மூடுவது பற்றி ஆலோசிக்கிறோம், பொதுக்கூட்டத்துக்கு வாருங்கள்.

குகனின் கடை

கூட்டத்துக்கு முன்னால், இந்தப் படிப்பில்லை என்ற கதையைக் கட்டிவிட்டது யார் என்று கண்டுபிடிப்பது என்று முடிவெடுத்தேன். எனக்கு ஒரு விசர் பிடித்தால் லேசில் விடாது. ஒருத்தியைக் கேட்டேன், அவள் மச்சாளைக் கைகாட்டினாள். மச்சாள் ஒரு கடையைக் கைகாட்டினாள்.

குகனின் கடை. மீன், மரக்கறி, போன் கார்ட் எல்லாம் விற்கிற கடை. இதிலே என்ன கொடுமையென்றால் குகனின் மகன் என் வகுப்பில்தான் இருக்கிறான். நன்றாகச் செல்லோ வாசிக்கிற பிள்ளை. பெருக்கல் வாய்ப்பாட்டையும் தூக்கத்தில் கேட்டால் சொல்வான்.

"குகன், அங்கை படிப்பில்லை எண்டு நீர்தான் சொன்னீரோ?" என்று நேரே கேட்டேன்.

அவன் பாரை மீனை வெட்டிக்கொண்டு நின்றான். வெட்டுவதை நிறுத்தவில்லை. "அது அப்ப சொன்னது அக்கா. பெடியனுக்குப் போடேக்கை. கன காலமாச்சு. இப்ப அதெல்லாம் செல்லாது."

"செல்லாது எண்டு ஆருக்குச் சொன்னீர்?"

"ஒருத்தருக்கும் சொல்லேல்லை."

"அப்ப இண்டைக்கு வாற சனத்துக்கு ஒவ்வொருத்தராச் சொல்லும். நல்ல பள்ளிக்கூடம், என்ரை பிள்ளை அங்கைதான் படிக்கிறான் எண்டு சொல்லும்."

குகன் கத்தியைக் கீழே வைத்தான். கடையை ஒருமுறை சுற்றிப் பார்த்தான். குரலைத் தாழ்த்தினான். "அக்கா, கோவிக்காதைங்கோ. சின்னவளுக்கு இனித்தானே போடோணும்."

"இடம் சும்மா கிடக்குதெடா! குலுக்கலே இல்லை!"

"இப்ப கிடக்கு. நான் நல்லம் எண்டு சொன்னால் சனம் வந்திடுமே?"

நான் அந்த மீன் பெட்டிக்கு முன்னால் நின்று தலையில் அடித்துக்கொண்டேன். உண்மையாகவே அடித்தேன். பின்னால் நின்ற ஒரு கிழவர், "என்ன பிள்ளை, மீன் பழுதோ?" என்று கேட்டார்.

என் வீட்டுக்குள்ளும்

ஊராரை ஏசுகிறேன். என் வீட்டுக் கதையைச் சொல்லாமல் விட்டால் நான் மனுசி இல்லை.

மதுரா இப்போது ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் மருந்தாளர். விம்பிள்டன் பக்கம் வீடு. அவளுடைய மகள் ஆரணிக்கு நாலு வயதாகப் போகிறது. வருகிற செப்டெம்பர் பள்ளிக்கூடம் தொடங்க வேண்டும். எந்தப் பள்ளிக்கூடம் என்று நான் கேட்கவே இல்லை. கேட்க என்ன இருக்கிறது? தாய் படித்த இடம், அம்மம்மா வேலை செய்கிற இடம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வந்தபோது ஆரணியின் விரல்களைப் பிடித்துக்கொண்டு, "இவளுக்கும் செல்லோதான்" என்றேன்.

மதுரா தட்டைப் பார்த்தபடியே சொன்னாள். "அம்மா, நாங்கள் அங்கை போடேல்லை. வேற ரெண்டு ஸ்கூல் பாத்திருக்கிறம்."

"ஏன்?"

"லீவ் இட், அம்மா."

விட்டுவிட்டேன். வேறு என்ன செய்வது? கோப்பைகளை எடுத்துக்கொண்டு குசினிக்குள் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டேன். ஊர்ச் சனம் என்ன சொன்னாலும் எனக்கு எரிச்சல்தான் வரும். அன்றைக்கு வந்தது எரிச்சல் இல்லை. நான் பெற்ற பிள்ளை, அந்த நடைபாதையில் இருந்து வாசித்து முழுப் பள்ளிக்கூடத்தையும் அடக்கிய பிள்ளை, தன் பிள்ளைக்கு அது வேண்டாம் என்றால் வேறு யாரிடம் போய் நான் நியாயம் கதைப்பது? அந்தக் கிழமை முழுக்க வகுப்பில் பிள்ளைகளின் வயலின் பெட்டிகளை அடுக்கும்போது, இதையெல்லாம் எங்கே அள்ளிக்கொண்டு போவார்கள் என்றே யோசித்துக்கொண்டிருந்தேன்.

கூட்டத்துக்கு மதுரா வந்தாள். எனக்குத் துணையாக வந்ததாகச் சொன்னாள். முன்வரிசையில் இருந்தாள். கவுன்சில் பெண் கையைத் தூக்கச் சொன்னபோது அவளுடைய கையும் மடியிலேயே கிடந்தது. மறைக்காமல் சொல்கிறேன், நான் முதலில் பார்த்தது அந்தக் கையைத்தான்.

தேத்தண்ணி

கவுன்சில் பெண் விளக்கம் சொன்னாள். விண்ணப்பங்கள் முடிய இன்னும் நாள் இருக்கிறது, ஆனால் தான் அறிக்கையை அதற்கு முதல் கொடுக்க வேண்டும். சேர்க்க ஆட்கள் இருக்கிறார்கள் என்று கண்ணால் கண்டால் எழுதலாம். காணாததை எழுத முடியாது. நியாயம்தானே. அவளில் எனக்குக் கோபம் இல்லை.

இப்படிப்பட்ட நேரத்தில் எங்கள் சனத்துக்குத் தெரிந்தது ஒன்றுதான். யாரோ எழும்பி, "தேத்தண்ணி குடிச்சிட்டுக் கதைப்பம்" என்றார். பிலோமினா ரோல்ஸும் பற்றிஸும் பொரித்துக்கொண்டு வந்திருந்தாள். மண்டபத்தின் மூலையில் பெரிய பாத்திரத்தில் தேத்தண்ணி. அதை ஊற்றிக் கொடுப்பதும் என் தலையில்தான் விழுந்தது.

முதலில் ஒரு இளம் தாய் வந்தாள். கப்பை நீட்டினாள். குனிந்து, உதடு அசையாமல் சொன்னாள். "அக்கா, நாங்கள் இஞ்சைதான் போடப்போறம். எங்களை ஒருக்கா நினைவிலை வச்சிருங்கோ. ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதைங்கோ."

எனக்கு விளங்கவில்லை. "அப்ப ஏன் கையைத் தூக்கேல்லை?"

"எல்லாரும் பாத்துக்கொண்டு நிக்கினம், எப்பிடித் தூக்குறது?"

அவள் போனாள். அடுத்தவர் வந்தார். கண்ணாடி போட்ட ஒரு தகப்பன். சீனி போடச் சொல்லிவிட்டு அதே கதை. "அக்கா, முதல் சொய்ஸ் இதுதான். என்ரை தம்பி குடும்பமும் வந்திருக்கினம், அவைக்குத் தெரியக் கூடாது." அவர் போய்க் கொஞ்ச நேரத்தில் அந்தத் தம்பியின் மனைவி வந்தாள். "அண்ணைக்கு மட்டும் சொல்லாதைங்கோ அக்கா" என்றாள்.

பிறகு குகன். பற்றிஸைக் கடித்துக்கொண்டே, "சின்னவளுக்கு... தெரியும்தானே" என்று கண்ணைக் காட்டினான். பிலோமினாகூட, தட்டை வைக்கிற சாட்டில் வந்து, "தங்கச்சியும் வந்திருக்கிறா, தன்ரை பிள்ளைக்கு இஞ்சைதான் கேக்கிறா. மெல்லமாச் சொல்லுறன்" என்றாள்.

வரிசை நீண்டுகொண்டே போனது. எல்லாருக்கும் பால் கூட, சீனி கூட, ரகசியமும் கூட. ஒவ்வொருவரும் தான் ஒருவர் மட்டும்தான் என்று நினைத்துக்கொண்டு வந்தார்கள். கேட்டுக்கொண்டே ஊற்றியதில் தேத்தண்ணி கப்புக்கு வெளியே போனது. அட பாவிகளே! பள்ளிக்கூடத்தை மூடப் போகிறார்கள், வாய் திறந்தால் பிழைக்கும், அதற்கும் திறக்க மாட்டீர்களா?

வரிசையின் கடைசியில் மதுரா நின்றாள். அவள் தேத்தண்ணி குடிப்பதில்லை.

"அம்மா," என்றாள் மிக மெல்ல. "நாங்களும் இஞ்சைதான் போடுறம். எப்பவோ முடிவெடுத்திட்டம். உங்களுக்குச் சொன்னால் டூட்டிங் முழுக்கத் தெரிஞ்சிடும் எண்டுதான் சொல்லேல்லை. ப்ளீஸ், ஒருத்தருக்கும் சொல்லாதைங்கோ."

சந்தோஷம் வந்ததா, கோபம் வந்ததா என்று கேட்காதீர்கள். இரண்டும் ஒன்றாக வந்தன. அவளைக் கட்டிப்பிடிக்கவும் வேண்டும், கன்னத்தில் ஒன்று போடவும் வேண்டும் போல இருந்தது. எத்தனை நாள் குசினிக்குள் நின்று விழுங்கினேன்! என் வயிற்றில் பிறந்தவளும் இந்தக் கூட்டம்தான்.

கரண்டியை வைத்தேன். மைக்கை எடுத்தேன்.

மைக்

கவுன்சில் பெண் கழுத்தில் ஸ்கார்பைச் சுற்றிக்கொண்டு நின்றாள். "ஒரு நிமிஷம்" என்று ஆங்கிலத்தில் சொன்னேன். பிறகு தமிழுக்கு மாறினேன்.

"இப்ப தேத்தண்ணி குடிக்க வந்த எல்லாரும் எனக்கு ஒரு ரகசியம் சொன்னவை. எல்லாருக்கும் ஒரே ரகசியம். நான் ஒவ்வொரு பேராச் சொல்லப்போறன். பேர் கேட்டவை கையைத் தூக்குங்கோ. தூக்காட்டி நானே வந்து தூக்குவன்."



"முதலாவது என்ரை மகள் மதுரா. எனக்கே பொய் சொன்னவள். தூக்கு பிள்ளை."

மதுரா என்னைப் பார்த்த பார்வையில் நான் அங்கேயே எரிந்திருக்க வேண்டும். ஆனால் தூக்கினாள்.

"குகன், பாரை மீன் வெட்டுற கையைத் தூக்கும்." தூக்கினான். "பிலோமினாவின்ரை தங்கச்சி." தூக்கினாள். "கண்ணாடி போட்ட அண்ணை. அவரின்ரை தம்பி. நீங்கள் ரெண்டு பேரும் ஒருத்தரையொருத்தர் பிறகு பாருங்கோ, இப்ப கையைத் தூக்குங்கோ."

ஐந்தாறு பேருக்கு மேல் நான் பெயர் சொல்ல வேண்டியிருக்கவில்லை. மிச்சம் தானாக எழும்பியது. எழும்பிய கையோடு சண்டையும் எழும்பியது. "நீயுமோடி? போன கிழமை வேண்டாம் எண்டு சத்தியம் பண்ணினாய்!" "நீங்கள் மட்டும் என்னவாம்? பேன் எண்டு சொன்னது ஆர்?" தம்பிக்காரன் அண்ணனைத் திரும்பியும் பார்க்கவில்லை, ஆனால் இரண்டு பேருடைய கையும் மேலே நின்றது. ஒருவரையொருவர் ஏசுகிறார்கள், கையை இறக்கவில்லை. லண்டனில் நான் பார்த்த எந்தக் கூட்டத்திலும் இப்படியொரு காட்சி இல்லை.

கவுன்சில் பெண்ணுக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனால் கைகளை எண்ணத் தெரியும். கதிரையில் திரும்ப இருந்து, நிறைய எழுதினாள். எழுதி முடித்து, சிரித்துக்கொண்டு என்னிடம் சொன்னாள். அறிக்கையில் இதைப் போடுகிறேன், இவ்வளவு பேர் இருந்தால் மூடச் சொல்லி ஒருவரும் எழுத முடியாது. பிறகு இன்னொன்றும் சொன்னாள். ஒரு வகுப்பில் இருக்கிற இடத்தைவிட இது கூட. இத்தனை பேரும் போட்டால் நீங்கள் திரும்பவும் குலுக்கல் வைக்க வேண்டி வரும்.

மொழிபெயர்ப்பது என் வேலை. மொழிபெயர்த்தேன்.

சத்தம் வெட்டினாற்போல நின்றது. எல்லார் கண்ணும் மண்டபத்தைச் சுற்றி வந்தது. சுவரோரத்தில் ஒரு கை மெல்ல இறங்கத் தொடங்கியது.

முன்வரிசையில் இருந்து மதுரா என்னைப் பார்த்து, பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டாள். "இப்ப சந்தோஷமோ அம்மா? ஆரணிக்கு இடம் கிடைக்காட்டி?"

நான் மைக்கைக் கையால் பொத்திக்கொண்டு அவளிடம் குனிந்தேன்.

"கிடைக்காட்டி நானும் நீயும் ஒண்டா இருந்து அழுவம். இப்ப கையை இறக்காதை."

அவள் இறக்கவில்லை.